கணவரைக் கடைசியாகப் பார்த்தது எப்போது?

இந்தத் தொழிலுக்குப் புதிதாக வந்திருக்கும் உங்களுக்காக ஏதாவது எழுதிக் கொடுங்கள் என்று என்னைக் கேட்டபோது, எந்த நாட்டு விசாவுக்கு என்னென்ன காகிதம், எத்தனை போட்டோ என்று எழுதுவேன் என நினைத்திருப்பீர்கள். அதெல்லாம் உங்கள் கம்ப்யூட்டரிலேயே இருக்கிறது. என்னைவிட அது ஒழுங்காகச் சொல்லும். நான் எழுதப்போவது நான் செய்த ஒரு தப்பைப் பற்றி. மன்னிப்புக் கேட்பதற்காக இல்லை. கேட்க வேண்டியவளிடம் அன்றைக்கே கேட்டுவிட்டேன். அதற்கப்புறம் நான் செய்ததைப் பார்த்து என்னைத் திமிர் பிடித்தவள் என்றார்கள். சிதம்பரத்திலும் கடலூரிலும் பல வருஷம் எனக்கு அந்தப் பெயர் இருந்தது. நான் அதை மறுத்ததில்லை.

அறுபதுகளின் நடுவில் ஒரு வருஷம். எனக்கு இருபத்திரண்டு வயது. குமராட்சிப் பக்கம் ஒரு விவசாயி வீட்டில் பிறந்து, சிதம்பரத்தில் சித்தி வீட்டில் தங்கி டைப்ரைட்டிங் ஹையர் பாஸ் செய்திருந்தேன். கீழ வீதியில் மாடிமேல் இருந்த ஒரு கப்பல் ஏஜென்சியில் வேலை கிடைத்தது. பினாங்கு, சிங்கப்பூர் போகிறவர்களுக்குப் பாஸ்போர்ட் விண்ணப்பம் எழுதுவது, விசா படிவம் நிரப்புவது, நாகப்பட்டினத்திலிருந்து புறப்படும் கப்பலில் இடம் வாங்கிக் கொடுப்பது என எல்லாம் அங்கே நடக்கும். முதலாளி, நான், தபால் கொண்டுபோக ஒரு பெரியவர். அவ்வளவுதான் ஆபீஸ்.

வந்தவர்களில் பாதிப் பேர் பரங்கிப்பேட்டை, லால்பேட்டைக்காரர்கள். மீதி, சேத்தியாத்தோப்பிலிருந்தும் திட்டக்குடியிலிருந்தும் பஸ் ஏறி வந்த விவசாயிகள் வீட்டுப் பிள்ளைகள். படிவம் முழுக்க இங்கிலீஷில் இருக்கும். நாங்கள் கேட்போம், அவர்கள் சொல்வார்கள், நான் அடிப்பேன், அவர்கள் கையெழுத்துப் போடுவார்கள். என்ன அடித்தேன் என்பது அவர்களுக்குத் தெரியாது. அதை நான் அன்றைக்கு ஒரு விஷயமாகவே நினைக்கவில்லை.

ஹாஜிரா பீவி வந்தது ஒரு சனிக்கிழமை. பரங்கிப்பேட்டை. வயது இருபத்தெட்டு. வெள்ளைத் துப்பட்டியைப் போர்த்திக்கொண்டு, ஏழு வயது மகளைப் பக்கத்தில் உட்காரவைத்துக்கொண்டு பெஞ்சில் இருந்தாள். பேசியதெல்லாம் அவளுடைய கணவனின் அண்ணன். ஊரில் துணிக்கடை வைத்திருந்தவர், எங்கள் முதலாளிக்கு நெடுநாள் பழக்கம். ஹாஜிராவின் கணவன் பினாங்கில் ஒரு கடையில் பங்குதாரர். மனைவியையும் மகளையும் அங்கே அழைத்துக்கொள்ள நுழைவு அனுமதி வேண்டும். இவர்களை நான் பார்த்துக்கொள்கிறேன் என்று அவன் அங்கிருந்து அனுப்பிய பொறுப்புக் கடிதம் சரியாக இருந்தது. கல்யாணத்துக்கு ஆதாரமாக நிக்காஹ் புத்தக நகல் இருந்தது. எல்லாம் இருந்தது.

ஒரு கேள்வியில் சிக்கல். கணவரைக் கடைசியாகப் பார்த்தது எப்போது என்று படிவத்தில் ஒரு கேள்வி உண்டு. அந்த நாட்டுச் சட்டப்படி, ஐந்து வருஷத்துக்கு மேல் கணவனைப் பிரிந்திருந்த மனைவிக்கு நுழைவு அனுமதி கிடையாது. ஹாஜிராவின் கணவன் கப்பல் ஏறி ஆறு வருஷம் ஆகியிருந்தது.

நான் தலையைத் தூக்கி முதலாளியைப் பார்த்தேன். அவர் அண்ணனைப் பார்த்தார். அப்புறம் என்னிடம், ரெண்டு வருஷத்துக்கு முன்னால் நோன்புப் பெருநாளுக்கு வந்துபோனார் என்று அடிக்கச் சொன்னார். சாதாரணமாக, நேரம் என்ன என்று சொல்வதுபோல் சொன்னார். நான் அடித்தேன். ஹாஜிரா பெஞ்சிலிருந்து எழுந்து வந்து, நான் விரல் வைத்துக் காட்டிய இடத்தில் தமிழில் நிதானமாகப் பெயரை எழுதினாள். அவளுக்குத் தமிழ் வாசிக்கத் தெரியும், அரபி ஓதத் தெரியும். இங்கிலீஷ் தெரியாது. நான் வாசித்துக் காட்டவில்லை. அதற்கு அரை நிமிஷம் ஆகியிருக்கும்.

சென்னையில் விசா அலுவலகத்தில் நேரில் விசாரிப்பார்கள். அண்ணன் அழைத்துப்போனார். போகும் வழியில், அதிகாரி கேட்டால் ரெண்டு வருஷம் என்று சொல் என அவளிடம் சொல்லிவைப்பார் என்றுதான் முதலாளி நினைத்திருந்தார். முதலாளி சொல்லிவிட்டிருப்பார் என்று அண்ணன் நினைத்திருந்தார். இருவரும் சொல்லவில்லை. அதிகாரி அண்ணனை வெளியே நிறுத்திவிட்டு, ஹாஜிராவை மகளோடு உள்ளே கூப்பிட்டுக் கேட்டார். அவள் உள்ளதைச் சொன்னாள். அவர் படிவத்தைப் பார்த்தார், அவளைப் பார்த்தார், பொய்த் தகவல் என்று குறித்து நிராகரித்துவிட்டார்.

நாலாம் நாள் காலையில் அவள் தனியாக மாடியேறி வந்தாள். அண்ணன் இல்லை. மகளை மட்டும் கையில் பிடித்திருந்தாள். முதலாளி இன்னும் வரவில்லை. நேராக என் மேசைக்கு வந்தாள்.

"அந்தத் தாள்ல ரெண்டு வருஷம்னு எழுதுனது யாரு?"

நான்தான் என்றேன்.

"நான் சொன்னனா?"

"இல்லக்கா."

"எம் பேருக்குக் கீழ நான் சொல்லாதத எழுத ஒனக்கு யாரு சொன்னா? அந்த ஆபீசரு என்னப் பாத்து, நீ பொய் சொல்லுறியா, இந்தக் காயிதம் பொய் சொல்லுதான்னு கேட்டாரு. நான் புள்ளைங்களுக்குக் குர்ஆன் ஓதிக் குடுக்கறவ. எம் புள்ளைய வெச்சிகிட்டுக் கேட்டாரு."

அவள் சத்தம் போடவில்லை. சத்தம் போட்டிருந்தால் எனக்குச் சுலபமாக இருந்திருக்கும். மன்னிச்சிடுங்க அக்கா என்றேன். அவள் பெஞ்சில் உட்கார்ந்து, துப்பட்டி முனையால் மகளின் முகத்தைத் துடைத்தாள். சிறிது நேரம் கழித்து, யாரிடமோ சொல்வதுபோல் ஒன்று சொன்னாள்.

"நாலு வருஷத்துக்கு முன்னாடியும் இங்கதான் வந்து கையெழுத்துப் போட்டேன். அது என்னா ஆச்சின்னே தெரியல. இதுவும் இப்டி."

நான் அந்த ஏஜென்சியில் சேர்ந்து ஒரு வருஷம்தான் ஆகியிருந்தது. அப்படி ஒரு விண்ணப்பம் இருந்தது எனக்குத் தெரியாது. அதற்குள் முதலாளி வந்துவிட்டார். அவளைப் பார்த்ததும், கவலைப்படாதே, பெயரின் எழுத்தை மாற்றி வேறு பாஸ்போர்ட் எடுத்து ஆறு மாதம் கழித்துப் புதிதாகப் போடலாம் என்றார். அவள் எழுந்து நின்று, "எம் பேரு இதான், மாத்த மாட்டேன்" என்று மட்டும் சொல்லிவிட்டுப் படியிறங்கிப் போனாள்.

மத்தியானம் முதலாளி சாப்பிடப் போனதும் நான் பீரோவைத் திறந்தேன். சாவி என்னிடம்தான் இருக்கும். பழைய காகிதங்களை வருஷவாரியாகக் கட்டி வைத்திருப்போம். நாலு வருஷத்துக்கு முந்தைய கட்டை அவிழ்த்தேன். அவள் பெயர் இருந்தது. விண்ணப்பத்தின் நகல், கணவனின் பொறுப்புக் கடிதத்தின் நகல், அதற்கடியில் சென்னை விசா அலுவலகத்திலிருந்து எங்கள் ஏஜென்சி முகவரிக்கு அவள் பெயரில் வந்த கடிதம். விண்ணப்பம் பரிசீலனைக்கு ஏற்கப்பட்டது, இன்ன தேதியில் குழந்தையுடன் நேரில் வரவும் என்று இருந்தது. அதன் மூலையில் பென்சிலால், முதலாளியின் கையெழுத்தில், தமிழில் ஒரு வரி: 'அண்ணன் கேட்டுக்கொண்டபடி நிறுத்தி வைக்கவும்.'

அந்த வரியை நாலைந்து முறை படித்தேன். கணவன் போய் ரெண்டே வருஷம் ஆகியிருந்தபோது அவளைக் கூப்பிட்டிருக்கிறார்கள். போயிருந்தால் அன்றைக்கே அனுமதி கிடைத்திருக்கும். கூப்பிட்டது அவளுக்குத் தெரியாது. தெரியக்கூடாது என்று ரெண்டு பேர் முடிவு செய்திருக்கிறார்கள். நாலு வருஷம் போனபிறகு, அவர்களே தாமதமாக்கிவிட்டு அந்தத் தாமதத்தை மறைக்க ஒரு பொய், அந்தப் பொய்யை அடிக்க நான்.

முதலாளி திரும்பி வந்தபோது கடிதம் என் மேசைமேல் இருந்தது. அவர் அதைப் பார்த்துவிட்டு நாற்காலியில் உட்கார்ந்தார். கெட்ட மனுஷன் என்று அவரைச் சொல்லமாட்டேன். என் சம்பளத்தை ஒருநாளும் தள்ளிப்போட்டதில்லை. அந்த அம்மாவின் மாமியார் அப்போது படுத்த படுக்கையாகிவிட்டார், வீட்டில் வேறு பெண் துணை இல்லை, அண்ணன் வந்து கெஞ்சினார், கொஞ்ச நாள்தானே என்று நினைத்தேன், அப்புறம் மறந்துபோச்சு என்று அவர் சொன்னார். போன வருஷம் மாமியார் இறந்தபிறகுதான் அண்ணனே திரும்ப வந்து கேட்டாராம்.

"குடும்ப விஷயம்மா இது. நாம கருத்து சொல்லக்கூடாது" என்றார்.

"லெட்டர் அவுங்க பேருக்கு வந்துருக்கு முதலாளி. அவுங்ககிட்ட குடுத்துடறேன்."

"குடுத்தா ஏஜென்சி பேரு என்னாவறது? நாளைக்கு எவன் வருவான் இங்க? ஒனக்கு நல்லா டைப் அடிக்க வரும். அத மட்டும் பாரு."

நான் கடிதத்தை மடித்தேன். அவர் குரலை உயர்த்தவில்லை. அந்தக் கடிதத்தோட படியெறங்குனா திரும்ப ஏறி வரவேண்டாம் என்றார். சித்தி வீட்டில் என் சம்பளத்தை நம்பியிருந்தார்கள். கல்யாணத்துக்குப் பார்த்துக்கொண்டிருந்த வீட்டில், வேலையை விட்டு விரட்டப்பட்ட பெண் என்றால் என்ன சொல்வார்கள் என்பதும் ஞாபகம் வந்தது. இதையெல்லாம் யோசித்துக்கொண்டேதான் கடிதத்தைக் கைப்பையில் வைத்தேன். யோசிக்காமல் செய்த வீரம் என்று யாரும் நினைக்க வேண்டாம். நன்றாக யோசித்துத்தான் செய்தேன். நாலு வருஷம் ஒருத்தியை அவளுக்கே தெரியாமல் பூட்டி வைத்திருக்கிறார்கள், சாவி என் கையில் இருக்கிறது, நான் டைப் மட்டும் அடிக்க வேண்டுமாம். முடியாது.

மறுநாள் காலையில் பரங்கிப்பேட்டைக்குப் பஸ் ஏறினேன். விசாரித்துக்கொண்டு போனால், வீட்டு முன்கூடத்தில் ஹாஜிரா பத்துப் பன்னிரண்டு பிள்ளைகளுக்கு ஓதிக் கொடுத்துக்கொண்டிருந்தாள். என்னைக் கண்டதும் பாடத்தை முடித்துப் பிள்ளைகளை அனுப்பினாள். உட்காரச் சொன்னாள். தண்ணீர் கொடுத்தாள். அதற்கப்புறம்தான் எதற்கு வந்தாய் என்பதுபோல் பார்த்தாள்.

இந்தத் தடவை நான் ஒவ்வொரு வரியாக வாசித்து, தமிழில் சொன்னேன். தேதியைச் சொன்னேன். பென்சில் வரியை நான் வாசிக்கவில்லை. கடிதத்தை அவள் பக்கம் திருப்பினேன். அவள் எழுத்துக் கூட்டி, உதடு அசைய, தானே வாசித்தாள். முடித்துவிட்டு ஒரு பையனைக் கூப்பிட்டு, பெரிய மச்சானை உடனே வரச்சொல் என்று கடைக்கு அனுப்பினாள். கணவனின் அண்ணனை அவள் அப்படித்தான் கூப்பிடுவாள்.

அவர் வந்தார். என்னைப் பார்த்தார். கடிதத்தைப் பார்த்ததும் மறைக்க முயலவில்லை. சுவரோரம் உட்கார்ந்துவிட்டார்.

"உம்மா படுக்கையில கெடந்தாங்க. எம் பொண்டாட்டியும் மவுத்தாயி, வூட்டுல வேற பொம்பளத் தொண இல்ல. நீ போய்ட்டா உம்மாவ யாரு பாக்கறது? அதான்" என்றார்.

ஹாஜிரா பேசினாள். அந்த வார்த்தைகள் இத்தனை வருஷமாகியும் எனக்கு அப்படியே நினைவிருக்கின்றன.

"என்னக் கேட்டிருந்தா நானே இருந்திருப்பேன் மச்சான். மூணு வருஷம் மாமிக்குப் பீ மூத்திரம் அள்ளுனேன். மொகம் சுளிக்கல. என் உம்மான்னு நெனச்சிதான் செஞ்சேன். இப்ப என்னா ஆச்சி? நான் மனசோட செஞ்சத, நீங்க என்னக் கட்டிப் போட்டு செய்ய வெச்சதா ஆக்கிட்டிங்க."

அவர் தலையைக் குனிந்துகொண்டார்.

"அவருக்கு என்னான்னு எழுதுனிங்க?"

அவள் மறுபடி கேட்டாள்.

"ஹாஜிரா வர மாட்டேங்குதுன்னு எழுதுனேன். உம்மா போன பொறவுதான், இப்ப வர்றேங்குதுன்னு எழுதுனேன்."

நான் எழுந்து வாசலுக்குப் போய்விடலாமா என்று நினைத்தேன். கணவன் நாலு வருஷமாகப் பெருநாள் வாழ்த்தைக்கூட அண்ணன் பெயருக்கே அனுப்பிவந்ததை, அண்ணன் கடையிலிருந்து வருவதற்குள் அவள் என்னிடம் சொல்லியிருந்தாள். ஏன் என்று அவளுக்குப் புரியாமல் இருந்தது. இப்போது புரிந்தது. அவள் அழுவாள் என்று எதிர்பார்த்தேன். அழவில்லை. கடிதத்தை மடித்துத் தன் பெட்டியில் வைத்துப் பூட்டினாள். நாளைக்கு மெட்ராசுக்குப் போறேன் என்றாள்.

ஆம்பளத் துணையில்லாமல் போகக்கூடாது என்று அவர் மெதுவாகச் சொன்னார்.

"போன தடவ ஆம்பளத் துணையோடதான மச்சான் போனேன்" என்றாள் அவள்.

நானும் வருகிறேன் என்றேன். அவள் என்னை ஏற இறங்கப் பார்த்தாள். என்மேல் நம்பிக்கை வந்துவிட்டதாகச் சொல்ல முடியாது. தப்பை எழுதியவளே வந்து தப்பு என்று சொன்னால் ஆபீசர் கேட்பார் என்று கணக்குப் போட்டிருப்பாள். அது போதும் எனக்கு.

சிதம்பரத்தில் பகல் ரயில் ஏறி, சாயங்காலம் மண்ணடியில் அவள் சொந்தக்காரர் வீட்டில் தங்கினோம். மறுநாள் பத்து மணிக்கு விசா அலுவலகம். அங்கே இருந்தது முன்பு அவளை விசாரித்த அதே அதிகாரி, அந்த நாட்டிலேயே பிறந்து வளர்ந்த தமிழர். நாற்பது வயதிருக்கும். கண்டிப்பானவர். ஹாஜிராவைப் பார்த்ததும் அடையாளம் கண்டுகொண்டு, உங்கள் விண்ணப்பம் முடிந்துவிட்டதே அம்மா என்றார்.

நான் முன்னால் போனேன். இந்த விண்ணப்பத்தை நிரப்பியவள் நான், ரெண்டு வருஷம் என்று அடித்தது நான், இவர்கள் அப்படிச் சொல்லவில்லை, இவர்களுக்கு நான் வாசித்துக் காட்டவும் இல்லை என்றேன். முதல்நாளே கையால் எழுதி, என் பெயரும் அப்பா பெயரும் ஊரும் போட்டுக் கையெழுத்திட்டிருந்த தாளை அவர் முன் வைத்தேன்.

அவர் அதை முழுக்கப் படித்தார். "இத எழுதிக் குடுத்தா ஒங்க மேலயே நடவடிக்கை எடுக்கலாம். தெரியுமா?" என்று கேட்டார்.

"தெரியும் சார்."

"யாரு அடிக்கச் சொன்னது?"

இங்கே ஒரு கணம் நின்றேன். முதலாளி பெயரைச் சொல்லிவிட்டு நான் தப்பித்துக்கொள்ளலாம். சொன்னவர் யாராக இருந்தாலும் விரல் என்னுடையது. "சொன்னவங்க சொன்னாங்க சார். அடிச்சது நான். முடியாதுன்னு சொல்லியிருக்கலாம், சொல்லல" என்றேன்.

அவர் ஹாஜிரா பக்கம் திரும்பி, பொய் இவர்களுடையது என்றே வைத்துக்கொண்டாலும், ஆறு வருஷம் பிரிந்திருந்தது உண்மைதானே, சட்டத்தை நான் மாற்ற முடியாதே என்றார். அப்போது அவள் பழைய கடிதத்தை எடுத்து நீட்டினாள். அவர் எண்ணைப் பார்த்தார். மணியடித்து உதவியாளரைக் கூப்பிட்டுப் பழைய கோப்பை எடுத்துவரச் சொன்னார். ஒரு மணி நேரம் உட்கார்ந்திருந்தோம். ஹாஜிராவின் மகள் என் மடியில் தூங்கிவிட்டாள்.

கோப்பு வந்தது. அதில் விண்ணப்பம் இருந்தது, அழைப்பின் நகல் இருந்தது, கடைசியில் 'அழைத்தும் வரவில்லை, முடிக்கப்பட்டது' என்ற குறிப்பு இருந்தது. அதிகாரி இரண்டையும் பக்கத்தில் வைத்துப் பார்த்தார்.

"ஏம்மா அப்ப வரல?" என்றார்.

"கூப்புட்டது எனக்குத் தெரியாது ஐயா. தெரிஞ்சிருந்தா நடந்தே வந்திருப்பேன்."

"யாரு இந்த அண்ணன்? அவருதான் மறச்சாரா?"

"எங்க குடும்பத்துல ஒருத்தரு. அத நான் பாத்துக்கறேன். நீங்க ஒன்னே ஒன்னு சொல்லுங்க. அஞ்சி வருஷம் பிரிஞ்சிருந்தது நான் செஞ்ச தப்பா? அவரு அங்க வேலைக்குப் போனாரு. நான் எழுதிப் போட்டேன். நீங்க கூப்புட்டிங்க. வழியில எவரோ புடிச்சி வெச்சிகிட்டாங்க. இதுல பிரிச்சி வெச்சவங்க யாருக்கும் தண்டன இல்ல. எனக்கு மட்டும் எதுக்கு?"

அவர் பேனாவைக் கீழே வைத்தார். ஒரு தாளை எடுத்து எழுத ஆரம்பித்தார். இதை முடிவு செய்யும் அதிகாரம் தனக்கு இல்லை, முதல் விண்ணப்பம் குறித்த காலத்துக்குள் வந்தது என்பதைக் காட்டி மேலிடத்துக்கு எழுதுகிறேன், பொய்த் தகவல் என்ற குறிப்பை மட்டும் இப்போதே அடித்துவிடுகிறேன் என்றார். அடித்தார். பக்கத்தில் கையெழுத்துப் போட்டார். பதிலை எங்கே அனுப்புவது என்று கேட்டபோது நான் வாயைத் திறக்குமுன் ஹாஜிரா சொன்னாள்: "என் வூட்டு அட்ரசுக்கு. வேற எங்கயும் வேணாம்."

என்னையும் அவர் விடவில்லை. ஆறு மாதத்துக்கு என் கையெழுத்துள்ள எந்த விண்ணப்பத்தையும் அந்த ஜன்னலில் வாங்கமாட்டோம் என்றார். சரி என்றேன். அது அநியாயம் என்று எனக்கு இன்றுவரை தோன்றவில்லை. உண்மையைச் சொன்னதற்குப் பரிசு கிடைக்கும் என்று நினைத்துக்கொண்டு போகிறவர்கள் போகாமலே இருப்பது நல்லது.

சிதம்பரத்துக்குத் திரும்பியபோது என் வேலை போய்விட்டிருந்தது. அது எதிர்பார்த்ததுதான். கடலூரில் இருந்த வேறு ரெண்டு ஏஜென்சிகளுக்கும் முதலாளி சொல்லிவிட்டிருந்தார். ஒருவர் என்னை உட்காரக்கூடச் சொல்லாமல், வீட்டுக் காகிதத்தை வெளியே எடுத்துப்போகிற பெண் இங்கே வேண்டாம் என்றார். அந்தக் காகிதம் எந்த வீட்டுக்கு வந்தது என்று அவரிடம் கேட்டேன். அவர் விசிறியைப் போடச் சொன்னார்.

சரி, நீங்கள் கொடுக்காவிட்டால் என்ன என்று, வாடகைக்கு ஒரு டைப்ரைட்டர் எடுத்து, கடலூரில் கலெக்டர் ஆபீசுக்கு எதிரே மனு எழுதுகிறவர்கள் வரிசையில் ஒரு மேசை போட்டேன். அங்கே எல்லோரும் ஆண்கள். ஒரு வாரம் என் மேசையைத் தினமும் யாரோ நகர்த்தி வெயிலில் வைத்திருந்தார்கள். நான் தினமும் நகர்த்தி நிழலில் போட்டேன். எட்டாம் நாள் யாரும் நகர்த்தவில்லை. வீட்டில் பார்த்துவைத்திருந்த மாப்பிள்ளை வீட்டார் வேண்டாம் என்று சொல்லி அனுப்பினார்கள். சித்தி அழுதாள். நான் அழவில்லை என்று சொன்னால் அதுவும் ஒரு பொய்த் தகவல். ஆனால் மறுநாள் காலை ஒன்பது மணிக்கு மேசையில் இருந்தேன்.

ஐந்து மாதம் கழித்து ஒரு முற்பகல், என் மேசைக்கு முன் வரிசையில் தன் முறைக்காக யாரோ துப்பட்டி போட்ட பெண் நிற்பதைப் பார்த்தேன். ஹாஜிரா. முன்னால் ரெண்டு பேர் இருந்தார்கள். அவர்கள் முடித்துப் போகும்வரை நின்றாள். பிறகு உட்கார்ந்து உறையை நீட்டினாள். பிரித்த உறை. ஊரில் பள்ளிக்கூட வாத்தியாரிடம் காட்டியிருக்கிறாள், அனுமதி கிடைத்துவிட்டது என்று அவர் சொல்லியிருக்கிறார்.

"அவரு சொன்னாரு. இருந்தாலும் நீ ஒரு தடவ படி. முழுசா படி" என்றாள்.

மேலே இருந்த எண்ணிலிருந்து கீழே இருந்த கையெழுத்துவரை படித்தேன். அவளுக்கும் மகளுக்கும் நுழைவு அனுமதி. அவள் கண்ணை மூடிக்கொண்டு கேட்டாள். முடிந்ததும், எனக்குச் சேரவேண்டியது எவ்வளவு என்று கேட்டாள். ஆறு மாதம் முடியாததால் விசா வேலைக்கு நான் எதுவும் வாங்கக்கூடாது என்றேன். முதன்முதலாக அவள் சிரித்ததை அன்றைக்குத்தான் பார்த்தேன்.

"அங்க போய் அவருகிட்ட என்னாக்கா சொல்லுவிங்க?" என்று கேட்டேன்.

"வர மாட்டேன்னு நான் சொல்லலன்னு சொல்லுவேன். மீதிய அவரு சொல்லட்டும்."

பெரிய மச்சான்தான் நாகப்பட்டினம்வரை போய் அவர்களைக் கப்பலேற்றிவிட்டு வந்தாராம். அவளே அப்படிக் கேட்டிருக்கிறாள். அவரிடமிருந்து கோபத்தை மறைக்கவும் இல்லை, உறவை அறுக்கவும் இல்லை.

மூன்று மாதம் கழித்துப் பினாங்கிலிருந்து எனக்குக் கடிதம் வந்தது. அவள் கையெழுத்து. மகள் பள்ளிக்கூடத்தில் சேர்ந்துவிட்டாள் என்று எழுதியிருந்தாள். கணவனிடம் எல்லாவற்றையும் சொன்னாளாம். 'ரெண்டு நாள் பேசவில்லை. மூன்றாம் நாள் அண்ணனுக்கு ஒரு கடிதம் எழுதினார். எழுதி முடித்து, என்னை உட்காரவைத்து முழுக்க வாசித்துக் காட்டிவிட்டுத்தான் உறையில் போட்டு ஒட்டினார்' என்று இருந்தது. அந்தக் கடிதத்தில் அண்ணனுக்கு என்ன எழுதினார் என்று அவள் எனக்குச் சொல்லவில்லை. நான் கேட்கவும் இல்லை. அது அவர்களுடைய கடிதம்.

அதற்கப்புறம் முப்பது வருஷத்துக்கு மேல் இந்தத் தொழிலில் இருந்தேன். எத்தனையோ நாட்டுப் படிவங்கள். வாசித்துக் காட்டாமல் ஒரு கையெழுத்தும் வாங்கியதில்லை. நேரமாகிறது, அடுத்த ஆள் காத்திருக்கிறார், எல்லாம் புரியவா போகிறது என்று உங்களிடமும் சொல்வார்கள். சம்பளம் கொடுக்கிறவரே சொல்வார். நிரப்பி முடித்ததும் உங்கள் திரையை எதிரே இருப்பவர் பக்கம் திருப்புங்கள். ஒவ்வொரு வரியாக அவர் மொழியில் சொல்லுங்கள். அவர் இல்லை என்றால் அழித்துவிட்டு அவர் சொன்னதை எழுதுங்கள். திமிர் பிடித்தவர்கள் என்பார்கள். சொல்லட்டும்.